எழுமாறாக

விடிகாலை நாலேகால். பீல் நகரம்.
லைற் போட முடியாது.
இரண்டு மணிக்குத்தான் வந்து படுத்தான் தவபாலன்,
உடம்பெல்லாம் பொரித்த எண்ணெய் மணம்,
கோப்பை கழுவி ஊறிய விரல்கள்.

லாச்சியை இழுக்கிறேன்.
எந்த இடத்தில் கீச்சிடும் என்று தெரியும்,
அந்த இடத்தில் மட்டும் தூக்கி இழுப்பேன்.
கட்டிடத்து மெஷின் எங்களுக்கு வியாழன் மட்டும்.
இன்று புதன். உள்ளே மிச்சம் பத்துச் சொக்ஸ்,
நேற்றிரவே எண்ணிவிட்டேன்:
அவனுடைய கறுப்பு ஆறு,
என்னுடைய சாம்பல் நாலு.
சோடி சேர்த்து மடிக்க ஆருக்கு நேரம்?
கூடையோடு கவிழ்த்ததுதான்.
ஒரே கடை, ஒரே துணி, மலிவு விலை.
விரலுக்கு நிறம் தெரியாது.

ஒரு பையில் ஆறு கறுப்புப் பந்துகளும்
நாலு வெள்ளைப் பந்துகளும் உள்ளன.
எழுமாறாக ஒன்று எடுக்கப்பட்டு,
மீள வைக்கப்படாமல் இன்னொன்று எடுக்கப்படுகிறது.
அந்தப் பைக்குள் கை விடுகிறவர் யார்,
ஏன் பார்க்காமல் எடுக்கிறார் என்று
கேள்வித்தாள் சொன்னதேயில்லை.
இப்போது கேட்டால் நான் சொல்வேன்:
வீட்டில் ஒருவர் நித்திரை.

முதலாவது என்னுடையதாக வர, பத்தில் நாலு.
வந்துவிட்டால் அடுத்தது ஒன்பதில் மூன்று.
பெருக்கிச் சுருக்கினால்
பதினைந்தில் இரண்டு.
பதினைந்து விடியலில் இரண்டு நாள்தான்
இரண்டு காலும் நானாகப் படியிறங்குவேன்.
இரண்டும் அவனுடையதாக வர, பதினைந்தில் ஐந்து.
மிச்சம்?
ஒரு கை லாச்சிக்குள் கிடக்க
நின்றபடியே கழித்துப் பார்க்கிறேன்.

பதினைந்தில் எட்டு.
பாதிக்கு மேலே.
ஒன்று அவன், ஒன்று நான்.

இந்தக் கிழமை நாங்கள் இருவரும்
ஒன்றாக விழித்திருந்தது இருபது நிமிடம்.
அதிலும் பதினைந்து, காப்புறுதிக் கடிதத்துக்குப் போயிற்று.
கணக்குக்கு இதெல்லாம் தெரியாது.

மூன்றாக எடுத்தால் ஒரு சோடி நிச்சயம்.
அதுவும் தெரியும்.
நிச்சயத்துக்காக எப்போதும் ஒன்றைக் கூடக் காவித் திரிகிறவள் நான்:
கைப்பையில் இன்னொரு திறப்பு, இன்னொரு குடை,
எல்லாக் கடிதத்துக்கும் மூன்று பிரதி.
இன்றைக்கு இரண்டே போதும்.

வெளியே மூடுபனி.
இந்த ஊரில் ஒவ்வொரு தெருவுக்கும் இரண்டு பெயர்,
ஒரே பலகையில் ஜெர்மன் ஒரு வரி, பிரெஞ்சு ஒரு வரி.
தபால்காரனுக்கு இரண்டும் ஒரே தெருதான்.
விளக்குக் கம்பத்தடியில் குனிந்து பார்த்திருக்கலாம்.
பார்க்கவில்லை.

றெயின் டெப்போவில்
வேலைச் சப்பாத்து மாற்றும்போதுதான் வெளிச்சம்.
இடது கறுப்பு. வலது சாம்பல்.
கிராசிண்டா கண்டுவிட்டு
வாளியைக் கீழே வைத்துச் சிரித்தாள்.
‘எட்டு’ என்றேன், தமிழில்.
விளங்காமல் இன்னும் சிரித்தாள்.

ஏழாவது பெட்டியின் ஜன்னல் துடைக்கையில்
கணக்கு திரும்ப வந்தது.
இப்போது லாச்சியில் கறுப்பு ஐந்து, சாம்பல் மூன்று.
அவனும் கண்ணை மூடிக்கொண்டு எடுத்தால்
ஒன்றுக்கொன்று மாறி வர, இருபத்தெட்டில் பதினைந்து.
முந்தியதை விடக் கூடவா, குறைவா?
ஈரக் கண்ணாடியில் விரலால் குறுக்கே பெருக்கினேன்.
இருநூற்று இருபத்தைந்து. இருநூற்று இருபத்து நாலு.
ஒன்றே ஒன்று கூட.
துடைத்துவிட்டேன்.

ஆனால் அவன் எழும்புவது பதினொரு மணிக்கு.
அறை முழுக்க வெளிச்சம்.
வெளிச்சத்தில் நிகழ்தகவு இல்லை;
கறுப்புத் தெரியும், சாம்பல் தெரியும்,
வேண்டியதைப் பார்த்து எடுக்கலாம்.

மூன்று மணிக்கு வீடு.
அவன் போய்விட்டான். கட்டில் விரித்திருந்தது.
கோட்டைக் கழற்றாமலே லாச்சியைத் திறந்தேன்,
கீச்சிட்டது, கீச்சிடட்டும்.

கறுப்பு நாலு.
சாம்பல் இரண்டு.

திரும்ப எண்ணினேன்.